மாதாவுக்கு முதுகைக் காட்டுவது

செலின் டீச்சருக்கு ஒரே ஒரு சிஷ்யைதான். அந்தச் சிஷ்யையும் டீச்சரைவிட மூன்று வயது மூத்தவள்.

அதனால் அவர்கள் பேச்சைப் பக்கத்தில் நின்று கேட்கிறவர்களுக்குக் குழப்பமாக இருக்கும். கற்றுக்கொடுக்கிற செலின், கற்றுக்கொள்கிறவளை "பெனிட்டாக்கா" என்பாள். பெனிட்டா அவளை "டீச்சர்" என்பாள். கான்வென்டில் படித்த பழக்கம். சொல்லிக்கொடுப்பவர் யாராக இருந்தாலும் அவளுக்கு டீச்சர்தான்.

இருவருக்கும் ஊர் தூத்துக்குடிப் பக்கம். பிழைப்பு இத்தாலியில், ஃபிளாரன்ஸ் நகரத்தில். தமிழ்நாட்டிலிருந்து ஐந்து பேர், ஆறு பேர் என்று சின்னக் குழுவாக வருகிறவர்களை மியூசியம் மியூசியமாக அழைத்துப்போய், ஐந்நூறு வருஷத்துக்கு முந்தைய படங்களைத் தமிழில் விளக்குவது செலினின் வேலை. பெனிட்டா தன் கைக்குழந்தையைக் காப்பகத்தில் விட்டுவிட்டு, குளிர்காலம் முழுக்க அவள் பின்னாலேயே நடந்து தொழிலைக் கற்றிருந்தாள்.

எல்லாம் வந்துவிட்டது. எந்த ஓவியன் யாரிடம் வேலை பழகினான், எந்த நீலம் எந்தக் கல்லை அரைத்து எடுத்தது, எந்தப் பிரபு யாருக்குப் பயந்து எந்தப் படத்தை வரையச் சொன்னான், எல்லாம் தலைகீழ்ப் பாடம். ஒன்றே ஒன்றுதான் வரவில்லை. எப்படி நிற்பது என்பது.

"படத்துக்கு முதுகைக் காட்டி நில்லுங்கக்கா. முகம் ஆளுங்க பக்கம் இருக்கட்டும்."

மற்றப் படங்களுக்குப் பெனிட்டா அப்படித்தான் நின்றாள். ராஜாவுக்கு முதுகைக் காட்டினாள், போப்பாண்டவருக்கும் காட்டினாள். மாதா படம் வந்தால் மட்டும் கால் தானாகத் திரும்பிவிடும். படத்தைப் பார்த்து நின்றுகொண்டு பேச ஆரம்பித்துவிடுவாள்.

"என்னால முடியல டீச்சர். பீடத்துக்கு முதுகைக் காட்டினா சிஸ்டர் பெஞ்சு மேல ஏத்திடுவாங்க. சிற்றாலயத்துல இருந்து வெளிய வரும்போதுகூட பின்பக்கமா நடந்து வந்த பிள்ளைங்க நாங்க."

"இது சிற்றாலயம் இல்லையே."

"படத்துல இருக்கிறது மாதாதானே?"

செலின் அடுத்த படத்துக்கு நடந்தாள். அவள் எதையும் இரண்டாவது தடவை சொல்கிறவள் அல்ல.

அன்று வந்த குழுவில் கரூரிலிருந்து தனபால், அவர் மனைவி சங்கவி, இரண்டரை வயதுப் பையன் மகிழன். திருச்சியிலிருந்து வக்கீல் ராஜாங்கமும் அவர் மனைவியும். தனபாலுக்குத் திரைச்சீலை ஏற்றுமதி. உடையில்லாமல் நின்ற கிரேக்க தேவதைகளின் அறையில் நுழைந்ததுமே அவர் ஆரம்பித்துவிட்டார்.

"ஏனுங்க வக்கீல் சார், நம்மகிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தா ரெண்டு கன்டெய்னர் துணி அனுப்பியிருப்பனே. இப்படி விட்டுட்டாங்களே."

"அனுப்பியிருந்தா உம்ம மேலதான் கேஸ் போடுவாங்க. பார்க்கத்தானே இவ்வளவு கூட்டம்?"

"வாயை மூடிட்டு வாங்க," என்றாள் வக்கீலின் மனைவி. அதை அவள் காலையிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தாள்.

மியூசியத்துக்குள் சத்தம் போடக் கூடாது. கைடு கழுத்தில் ஒரு சின்ன மைக் தொங்கும். அதில் மெல்லப் பேசினால் மற்றவர்கள் காதில் மாட்டியிருக்கும் கருவியில் கேட்கும். மைக் யாரிடம் இருக்கிறதோ அவர் குரல் மட்டும்தான் எல்லாக் காதுக்கும் போகும்.

மாதா படம் இருந்த அறை வாசலில் செலின் தன் மைக்கைக் கழற்றிப் பெனிட்டாவின் கழுத்தில் மாட்டினாள்.

"இந்த ரூம் உங்களுது."

"இன்னைக்கேவா?"

"இன்னைக்கே."

செலின் காதுக் கருவி ஒன்றை மாட்டிக்கொண்டு கூட்டத்துக்குப் பின்னால் போய் நின்றாள்.

பெனிட்டா பயத்தில் மைக்கின் வாரை இரண்டு தடவை இழுத்துச் சரிசெய்தாள். படத்தின் முன்னால் போனாள். கால் திரும்பிவிட்டது. மாதாவை நிமிர்ந்து பார்த்தாள். பார்த்ததும் பயம் போய்விட்டது.

"மாதாவோட கையைப் பாருங்க," என்று ஆரம்பித்தாள். "பிள்ளையோட வயித்து மேல இருக்கு. நாலு விரல் சும்மா படிஞ்சிருக்கு. சுண்டு விரல் மட்டும் சதையில கொஞ்சம் அமுங்கியிருக்கு பாருங்க. பிள்ளை துள்ளுது. எந்த நேரமும் மடியில இருந்து வழுக்கிடும். அவங்க முகம் அமைதியாத்தான் இருக்கு. பயம் முழுக்க அந்த ஒரு விரல்ல இருக்கு. பெத்தவங்களுக்கு இது தெரியும். இந்த ஓவியனுக்கு யார் சொன்னாங்களோ..."

பின்னால் ஒரு செருமல்கூட இல்லை. வக்கீல் பகடி பேசவில்லை. செருப்பு தேய்கிற சத்தமும் இல்லை. கூட்டம் தன் குரலில் கட்டுண்டு நிற்கிறது என்று பெனிட்டாவுக்கு முதுகிலேயே தெரிந்தது. அந்த ருசி அவளுக்குப் புதிது. விரலிலிருந்து மணிக்கட்டுக்குப் போனாள். மணிக்கட்டிலிருந்து முக்காட்டின் மடிப்புக்குப் போனாள். நீலத்துக்கு வந்தாள்.

"மகிழா?"

பக்கத்தில் யாரோ மெல்லக் கூப்பிட்டார்கள். பெனிட்டா நிறுத்தவில்லை.

"மகிழா!"

இரண்டாவது தடவை அது கூப்பாடு. சங்கவி மைக்குக்கு அருகில் நின்றதால் அந்த அலறல் எல்லோர் காதுக்குள்ளும் போய் வெடித்தது. பெனிட்டா திரும்பினாள்.

சங்கவி தன் வலது கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். விரல்கள் இன்னும் எதையோ பிடித்திருப்பதுபோல மடிந்திருந்தன.

"இப்பத்தான் கையில இருந்தான். என் கையிலதாங்க இருந்தான்!"

அந்த அறைக்கு மூன்று வாசல். மூன்றிலும் ஜனம். தனபால் ஒரு வாசலுக்கு ஓடினார். பாதியில் நின்றார். வேறு வாசலுக்கு ஓடினார். வக்கீல் காவலாளியிடம் போய்த் தன் தொடைக்கு நேராகக் கையை வைத்துக் காட்டி, "இவ்வளவு உயரம், இவ்வளவு உயரம்" என்று தமிழிலேயே கத்தினார். காவலாளி பெனிட்டாவைப் பார்த்தான். அவள் இத்தாலிய மொழியில் சொல்ல வாயைத் திறந்தாள். பிள்ளை என்கிற சொல் வரவில்லை. காப்பகத்து வாசலில் தினமும் சொல்கிற சொல். வரவே இல்லை.

"டீச்சர்!"

செலின் நின்ற இடத்தில் யாரும் இல்லை.

பெரிய பெரிய சன்னல்கள், கீழே ஆறு, யாரோ ஒருவன் தூக்கிக்கொண்டு போகிற மாதிரி ஒரு முதுகு, எல்லாம் கண்ணுக்குள் வந்தன. நடுவில், என் பிள்ளை காப்பகத்தில் இருக்கிறது, அது பத்திரமாக இருக்கிறது என்று ஓர் எண்ணம் எட்டிப்பார்த்தது. அப்படி நினைத்ததற்கே அவளுக்கு உடம்பு கூசியது.

சங்கவி ஓடினாள். பெனிட்டாவும் அவள் பின்னால் ஓடினாள். ஓர் அறை, இன்னோர் அறை, பிறகு நீளமான கூடம். கூடத்தின் கோடியில் கீழே இறங்குகிற அகலமான கல் படிக்கட்டு.

மேல்படியில் மகிழன் உட்கார்ந்திருந்தான். அவனுக்கு ஒரு படி கீழே, இறக்கத்தை மறித்துக்கொண்டு, செலின் உட்கார்ந்திருந்தாள். அவள் ஒரு கை அவன் இரண்டு கணுக்காலையும் சேர்த்துப் பிடித்திருந்தது.

சங்கவி பிள்ளையை வாரி எடுத்தாள். முதுகில் ஓர் அடி வைத்தாள். அடித்த இடத்திலேயே முத்தம் கொடுத்தாள். சிரித்துக்கொண்டிருந்த பையன் அப்புறம்தான் அழுதான்.

பெனிட்டாவுக்கு மூச்சு வாங்கியது.

"நீங்க பார்த்தீங்களா டீச்சர்?"

"பார்த்தேன். கையை உருவிட்டு நடந்தான்."

"பார்த்தீங்க! ஒரு குரல் குடுத்திருக்கலாமே!"

"மைக் உங்ககிட்ட இருந்தது. நான் வாசல் கூட்டத்துல இருந்து கூப்பிட்டேன். எல்லார் காதுலயும் நீங்கதான் இருந்தீங்க."

"ஓடிவந்து என் தோளைத் தட்டியிருக்கலாமே!"

"உங்க பக்கம் வந்தா அவன் போயிடுவான். அவன் பின்னால போனா உங்ககிட்ட சொல்ல முடியாது. நான் ஒரு ஆள்தானே."

"அப்பவே தூக்கியிருக்கலாமே..."

"தூக்கப் போனேன். விளையாட்டுன்னு நினைச்சு ஓடினான். இங்கதான் எட்டிப் பிடிச்சேன்."

அப்போதுதான் பெனிட்டா பார்த்தாள். செலினின் கால்சட்டை முழங்காலில் கிழிந்திருந்தது. கிழிசலுக்குள் ரத்தம். கல்லில் விழுந்து, விழுந்தபடியே பிடித்திருக்கிறாள்.

"சுண்டு விரலைப் பத்தி நீங்க சொன்னது படிக்கட்டு வரைக்கும் காதுல கேட்டுது," என்றாள் செலின். "நல்லாத்தான் சொன்னீங்க."

கன்னத்தில் ஓங்கி ஓர் அறை வைத்திருந்தால்கூடப் பெனிட்டா தாங்கியிருப்பாள். மைக்கைக் கழற்றி நீட்டினாள்.

"நான் இனிப் பேச மாட்டேன் டீச்சர்."

செலின் அதை வாங்கவில்லை. கைக்குட்டையை மடித்து முழங்காலில் அழுத்திக்கொண்டிருந்தாள்.

தனபால் வந்து சேர்ந்தார். முகமெல்லாம் வேர்வை.

"படம் பார்க்க வந்து பையனைத் தொலைச்சிருப்போமுங்க! அப்படி என்னங்க பேச்சு அது? ஆளைக் கட்டிப்போட்டு வைக்கிற பேச்சு!"

பெனிட்டா தலையைக் குனிந்துகொண்டாள். பதில் சொன்னது சங்கவி.

"அவங்களை ஏனுங்க சொல்றீங்க? நீங்களுந்தான் வாயைப் பொளந்துட்டு நின்னீங்க. கையை விட்டது நானு." பிள்ளையை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். பிறகு பெனிட்டாவைப் பார்த்தாள். "அந்தப் படத்தைப் பாதியில விட்டுட்டீங்க. வந்து முடிச்சிருங்க."

"இன்னைக்கு வேண்டாங்க."

"இப்படியே திரும்பிப் போனா, இனி அந்தப் படத்தை நினைச்சாலே எனக்கு இந்தப் படிக்கட்டுதான் ஞாபகம் வரும். வாங்க."

பெனிட்டா செலினைப் பார்த்தாள். செலின் கைக்குட்டையைத் திருப்பி மடித்தாள்.

எல்லோரும் திரும்பி வந்தார்கள். பெனிட்டா மாதா படத்தின் முன்னால் போய் நின்றாள். கால் பழக்கப்படி திரும்பப் பார்த்தது. உதட்டைக் கடித்துக்கொண்டு, சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு, முதுகைப் படத்துக்குக் கொடுத்து நின்றாள். முதுகு முழுக்க முள் குத்துவதுபோல இருந்தது.

அவள் பேச்சு அன்று எடுபடவில்லை. அந்த நீலக் கல்லின் பெயர் மறந்துபோயிற்று. ஓவியனின் ஊரை மாற்றிச் சொல்லிவிட்டுத் திருத்தினாள். வக்கீல் கொட்டாவி விட்டதைப் பார்த்தாள். அவர் மனைவி கால் வலியில் உடம்பை ஒரு பக்கம் சாய்ப்பதைப் பார்த்து, உட்காரச் சொன்னாள். தனபால் படத்தைப் பார்க்காமல் மூன்று வாசலையும் மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தார். பையன் அம்மாவின் தோளில் தூங்கிப்போனான். சங்கவி மட்டும் கடைசிவரை படத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

குழுவைக் காப்பி குடிக்க அனுப்பிவிட்டு இருவரும் வெளியே கல் இருக்கையில் உட்கார்ந்தார்கள். சதுக்கத்தில் புறாக்கள். யாரோ ஒருவன் வயலின் வாசித்துக்கொண்டிருந்தான்.

"டீச்சர்."

"சொல்லுங்கக்கா."

"படபடப்பு அடங்கவே இல்லை. பிள்ளை கிடைச்சிட்டான், அது வேற. இன்னைக்கு அவ்வளவு நேரம் மாதாவுக்கு முதுகைக் காட்டி நின்னுட்டேன். ஒரு தடவைகூடத் திரும்பி அவங்க முகத்தைப் பார்க்கல. அவங்க என்னைப் பத்தி என்ன நினைப்பாங்க?"

செலின் கைக்குட்டையை முழங்காலில் சுற்றி முடிச்சுப் போட்டாள்.

"அவங்க கையில பிள்ளை இருக்குக்கா. உங்களைப் பார்க்க அவங்களுக்கு எங்க நேரம்?"