காதுகுத்துக்கு வந்த முள்ளம்பன்றி

ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு காடு, இந்தப் பக்கம் ஒரு காடு. நடுவில் விழுந்து கிடந்த ஒரு மருதமரம்தான் பாலம்.

அந்தப் பக்கத்துக் காட்டில் முள்ளம்பன்றிகள் அதிகம். நம் வீட்டில் விளக்குமாற்றுக் குச்சி கிடப்பதுபோல அங்கே முள் கிடக்கும். பல் குத்தக்கூட முழ நீள முள்ளைத்தான் எடுப்பார்கள். இந்தப் பக்கத்துக் காட்டில் முள்ளே கிடையாது. யாரும் வைத்திருக்கக் கூடாது என்று சட்டம்.

இந்தக் காட்டுக்குக் காவல், ஏட்டு கீரி. அவருக்குக் கீழே ஒரு போலீஸ்கார கீரி. இரண்டு பேரிடமும் ஆயுதம் எதுவும் இல்லை. ஏட்டுக்கு ஒரு குரல் இருந்தது, அவ்வளவுதான்.

திருடன் என்று பார்த்தால் ஒரே ஒரு நரி. பொழுது சாயும் நேரத்தில் வந்து, செவலை என்ற காட்டுக்கோழியின் குஞ்சு ஒன்றைக் கவ்வும். செவலை கத்துவாள். ஏட்டு புதரிலிருந்து தலையை நீட்டி, "டேய், வச்சிட்டுப் போடா!" என்பார்.

நரி வைத்துவிட்டுப் போகும். "சரிங்க ஏட்டய்யா" என்று சொல்லிவிட்டுத்தான் போகும்.

குஞ்சு எழுந்து இறகை உதறிக்கொண்டு அம்மாவிடம் ஓடும். ஏட்டு சாப்பிடப் போவார். அந்தக் காட்டில் குற்றம் என்றால் அதுதான்.

பாலத்தின் இந்த முனையில் கொக்குக்கு வேலை. வருகிறவர், போகிறவர் மூட்டையைச் சோதிக்க வேண்டும். கொக்கு விதி தவறாதது. மூட்டையில் இருப்பது சரக்கு, உடம்பில் இருப்பது உடம்பு. சரக்கைச் சோதிக்கலாம், உடம்பைச் சோதிக்கக் கூடாது. இது விதி.

ஒருநாள் காலையில் ஒரு முள்ளம்பன்றி பாலத்தைத் தாண்டி வந்தது.

"எங்க போறீங்க?" என்றது கொக்கு.

"சொந்தக்காரங்க வீட்டுக் காதுகுத்துங்க."

"மூட்டை ஏதாவது?"

"கையை வீசிட்டு வர்றேங்க."

கொக்கு அதைச் சுற்றி வந்து பார்த்தது. மூட்டை இல்லை. முதுகு நிறைய முள் இருந்தது. ஆனால் அது உடம்பு. "போய்ட்டு வாங்க" என்றது.

சாயங்காலம் முள்ளம்பன்றி திரும்பியது. முதுகில் ஒரு முள்கூட இல்லை. கையில் ஒரு மூட்டை கிழங்கு இருந்தது. கொக்கு மூட்டையை அவிழ்த்து, ஒவ்வொரு கிழங்காக மண்ணைத் தட்டி, முகர்ந்து பார்த்துத் திரும்பக் கட்டிக் கொடுத்தது.

"நல்ல கிழங்கு. போங்க."

வீட்டுக்குப் போனதும் முள்ளம்பன்றி, கீழே உதிர்ந்து கிடந்த முள்ளையெல்லாம் பொறுக்கியது. வேலம்பிசினைத் தடவி முதுகு முழுக்க ஒட்டிக்கொண்டது. அடுத்த வாரமும் பாலத்துக்கு வந்தது.

"போன வாரமும் காதுகுத்துன்னுதானே சொன்னீங்க?" என்றது கொக்கு.

"அது வலது காதுங்க. இது இடது காது."

"அப்படியா? சரி."

அதற்கு அடுத்த வாரம் மூக்கு குத்தினார்கள்.

கிழங்கு கொடுத்து முதல் முள்ளை வாங்கியது நரி. அன்று பொழுது சாயும்போது புள்ளிக்குஞ்சைக் கவ்வியது. செவலை கத்தினாள். ஏட்டு தலையை நீட்டினார்.

"டேய், வச்சிட்டுப் போடா!"

நரி குஞ்சைக் கீழே வைத்தது. ஆனால் போகவில்லை. ஒரு காலால் குஞ்சை அமுக்கிக்கொண்டு மறு காலால் முள்ளை நீட்டியது.

"நீங்க போங்க ஏட்டய்யா."

"என்னடா அது?"

"முள்ளுங்க."

"அதையெல்லாம் வச்சிருக்கக் கூடாதுன்னு சட்டம்டா!"

"ஆமாங்க" என்றது நரி.

போலீஸ்கார கீரி பாய்ந்தது. முள் அதன் தொடையில் இறங்கியது. அன்று புள்ளிக்குஞ்சு அம்மாவிடம் திரும்பவில்லை.

செய்தி பரவியது. முயல் ஒரு முள் வாங்கி வளை வாசலில் நட்டு வைத்தது. விருந்துக்கு வந்த மச்சான் அதன்மேல் உட்கார்ந்துவிட்டார். மச்சான் இப்போது அந்த வீட்டுக்கு வருவதில்லை. முயலிடம் இருக்கிறதே என்று மான் வாங்கியது. மானிடம் இருக்கிறதே என்று அணில் வாங்கியது.

ஏட்டு, காட்டுத் தலைவர் யானையிடம் போனார்.

"எல்லார் கையிலயும் முள் இருக்குதுங்க. எங்க ரெண்டு பேர்கிட்டதாங்க இல்ல."

"நீங்களும் வாங்கிக்க வேண்டியதுதானே?" என்றது யானை.

"யார்கிட்டங்க?"

"விக்கிறவன்கிட்டதான்."

வாங்கினார்கள். ஏட்டுக்கு முள் வந்தது, குரல் போய்விட்டது. முன்பெல்லாம் அதட்டுவார், பிறகு யாரென்று பார்ப்பார். இப்போது குத்துவார், பிறகு பார்ப்பார். புகார் கொடுக்க வந்த மானை அப்படித்தான் குத்தினார். கொம்பு வெறும் கொம்புதான் என்று அப்புறம்தான் தெரிந்தது. அதன்பிறகு யாரும் புகார் கொடுக்க வரவில்லை. காட்டில் குற்றம் குறைந்துவிட்டது என்று யானை மகிழ்ந்தது.

ஒருநாள் விடிகாலையிலேயே நரி செவலையிடம் வந்தது.

"தினமும் கத்துறியே, தொண்டை வலிக்காதா? நாளைக்குப் பொழுது சாய வர்றேன். எந்தக் குஞ்சுன்னு நீயே பார்த்து எடுத்து வச்சிடு."

செவலைக்கு மீதி இருந்தது மூன்று குஞ்சு. மூன்றையும் இறக்கைக்குள் அணைத்துக்கொண்டு ஏட்டைத் தேடிப் போனாள். சருகு சத்தம் கேட்டதும் ஏட்டும் போலீஸ்கார கீரியும் கரையான் புற்றுக்குப் பின்னால் பதுங்கிக்கொண்டார்கள்.

"யாரது? அங்கயே நில்லு! றெக்கைக்குள்ள என்ன?"

"செவலைங்க. உள்ள குஞ்சுங்க. நாளைக்கு நரி வருதாம் ஏட்டய்யா. ஒரு அதட்டு அதட்டுங்க."

"முள் வச்சிருக்கானா?"

"வச்சிருக்கான்."

"அப்ப எப்படித் தாயி வர்றது?"

"உங்ககிட்டயும்தான் முள் இருக்குதே?"

"அதுக்குத்தான் தாயி சொல்றேன். ரெண்டு பேர்கிட்டயும் இருந்தா யாருக்காவது குத்துமில்ல?" என்றார் ஏட்டு. அவர் பொய் சொல்லவில்லை.

இனி இந்தக் காடு வேண்டாம் என்று செவலை குஞ்சுகளை ஓட்டிக்கொண்டு பாலத்துக்கு வந்தாள். அப்போது எதிரே முள்ளம்பன்றி, முதுகு நிறைய முள்ளோடு வந்துகொண்டிருந்தது.

"என்ன தாயி, புள்ளைகளோட கிளம்பிட்டீங்க? ஒரு முள் தரட்டுமா? கிழங்கு அப்புறம் கொடுங்க."

"எனக்கு இருக்கிறது ரெண்டு கால். ஒண்ணுல நிக்கணும், ஒண்ணுல கிளறணும். உன் முள்ளை எதுல பிடிக்கிறது?" என்றாள் செவலை.

முள்ளம்பன்றி சிரித்துக்கொண்டே போனது. கொக்கு அதனிடம் காதுகுத்து எப்படி என்று மட்டும் விசாரித்தது.

செவலைக்குப் பொறி தட்டியது. பாலத்தைத் தாண்டவில்லை. அங்கேயே மண்ணைக் கிளறிக்கொண்டு, குஞ்சுகளுக்குப் புழு காட்டிக்கொண்டு சாயங்காலம்வரை இருந்தாள். முள்ளம்பன்றி மொட்டை முதுகோடும் கிழங்கு மூட்டையோடும் திரும்பி வந்தது.

"அய்யா," என்றாள் செவலை கொக்கிடம், "வரும்போது முதுகு நிறைய வந்தவர் மொட்டையா போறாரே, கேக்க மாட்டீங்களா?"

"முள்ளோட போனா கேக்கலாம். இல்லாம போறவரை எப்படிக் கேக்கிறது?"

"போன வருஷம் ஒரு விருந்தாளி மான் இங்க கொம்பை உதிர்த்துட்டுப் போய், நாம திருடிட்டோம்னு அந்தப் பக்கம் புகார் சொல்லுச்சாமே. அதுக்கப்புறம் ஏதோ விதி போட்டாங்கன்னு கேள்விப்பட்டேன்."

கொக்கு தூக்கி வைத்திருந்த காலைக் கீழே இறக்கியது. விதி என்றால் அதற்கு மறதி கிடையாது.

"ஆமா. விருந்துக்கு வந்தவரை வந்த கோலத்திலேயே திருப்பி அனுப்பணும். அடடா!" பாலத்தின் நடுவில் போய் நின்று, "நில்லுங்க! நீங்க வந்த கோலத்துல இல்ல" என்றது.

"உதிர்ந்து போச்சுங்க" என்றது முள்ளம்பன்றி.

"எடுத்து வச்சுக்கிட்டு வாங்க. இதுக்கு முந்தின வலது காது, இடது காது, மூக்கு, எல்லாத்தோடதும் சேர்த்து. எனக்கு ஞாபகம் இருக்கு."

"மூட்டையில கட்டிட்டு வந்தா போதுங்களா?"

"மூட்டையில இருந்தா சரக்கு. முள் சரக்குக்கு அனுமதி இல்ல. உடம்புலதான் இருக்கணும்."

முள்ளம்பன்றி திரும்பிப் பார்த்தது. காடு முழுக்க முள். எல்லாம் அது விற்றது. அதன் உடம்பில் மட்டும் ஒன்றுகூட இல்லை. எங்கோ நரி ஊளையிட்டது. முள்ளம்பன்றி அன்று செவலையின் புதருக்குப் பக்கத்திலேயே படுத்துக்கொண்டது.

விடிந்ததும் வீடு வீடாகப் போனது. "முள்ளைத் திருப்பிக் கொடுங்க, கிழங்கைத் திருப்பித் தர்றேன்" என்றது.

"வாங்கினதுக்கு ரெண்டு மடங்கு" என்றது முயல்.

முள்ளம்பன்றி மண்ணைத் தோண்டிக் கிழங்கு எடுத்துக் கொடுத்தது. முயல் முள்ளைக் கொடுத்துவிட்டு, முதல் வேலையாக மச்சானுக்குச் சொல்லி அனுப்பியது. மான் கொடுத்ததால் அணிலும் கொடுத்தது. ஏட்டுதான் யோசித்தார்.

"நான் கொடுத்துட்டா என்கிட்ட என்ன இருக்கும்?" என்றார்.

"முன்னாடி என்ன இருந்துச்சோ அது இருக்கும்" என்றாள் செவலை.

ஏட்டு கொடுத்தார்.

முள்ளம்பன்றி வேலம்பிசின் தடவி எல்லாவற்றையும் ஒட்டிக்கொண்டது. முதுகில் இடம் போதவில்லை. வயிற்றில் ஒட்டியது, வாலில் ஒட்டியது, இரண்டு காதிலும் ஒட்டியது. கொக்கு ஏற இறங்கப் பார்த்தது.

"மூக்குல ஒண்ணு குறையுதே."

குறைந்தது நரியின் முள். அதற்குள் பொழுது சாய்ந்துகொண்டிருந்தது.

"வா, வாங்கிக்கலாம்" என்றாள் செவலை. போகும் வழியில் காதோடு சொன்னாள்: "குத்திடாத. ஒட்ட வச்சது, பட்டா உதிர்ந்துடும். திரும்பி நின்னு, பின்னாலயே மெதுவா போ. மீதியை அவன் பார்த்துக்குவான்."

நரி சொன்னபடி வந்தது. செவலை மூன்று குஞ்சையும் பின்னால் தள்ளி மறைத்துக்கொண்டாள்.

"எதை எடுத்து வச்சிருக்க?" என்றது நரி.

புதர் அசைந்தது. ஒரு முள் மலை பின்பக்கமாக நடந்து வந்தது. அதற்கு முகம் எது, முதுகு எது என்றே தெரியவில்லை. நரி ஒரு அடி பின்வாங்கியது. மலையும் ஒரு அடி வைத்தது.

கரையான் புற்றுக்குப் பின்னால் ஏட்டு நின்றார். அதட்ட வாயைத் திறந்தார், முதலில் வெறும் காற்றுதான் வந்தது. செவலை திரும்பிப் பார்த்தாள். ஏட்டு தொண்டையைக் கனைத்துக்கொண்டு வெளியே வந்தார்.

"டேய், வச்சிட்டுப் போடா!"

நரி விழித்தது. "நான் இன்னும் எதையும் எடுக்கவே இல்லீங்களே ஏட்டய்யா."

"முள்ளை வைடா!"

நரி மலையைப் பார்த்தது. ஏட்டைப் பார்த்தது. முள்ளைக் கீழே வைத்தது.

"சரிங்க ஏட்டய்யா" என்று சொல்லிவிட்டு ஓடியது.

அது போய் மறைந்த பிறகுதான் முள்ளம்பன்றி தும்மியது. பாதி முள் பொலபொலவென்று கொட்டியது. எல்லாரும் உட்கார்ந்து திரும்ப ஒட்டிவிட்டார்கள். நரியின் முள்ளை மூக்கில் ஒட்டியது அணில்.

கொக்கு சுற்றி வந்து பார்த்தது. "இப்ப சரியா இருக்கு. போங்க. அடுத்த காதுகுத்து எப்போ?"

"எங்க வம்சத்துல இனிமே யாருக்கும் காது குத்துறதா இல்லைங்க" என்று சொல்லிவிட்டு முள்ளம்பன்றி பாலத்தைத் தாண்டியது. அன்றிலிருந்து கொக்கு, வருகிறவர் மூட்டையோடு முதுகையும் பார்க்கிறது.

நரி இப்போதும் வருகிறது. ஏட்டு அதட்டுகிறார். நரி வைத்துவிட்டுப் போகிறது. போலீஸ்கார கீரி மட்டும் நொண்டுகிறது. செவலை பொழுது சாயும்போது குஞ்சுகளை இறக்கைக்குள் கூட்டிக்கொள்வாள். மூன்றும் உள்ளே வந்த பிறகும், கொஞ்ச நேரம் இறக்கையை மூடாமலே நிற்பாள்.

நீதி: வாசலில் கேட்காமல் விட்ட கேள்விக்கு வீட்டில் இருப்பவர்கள் எல்லாரும் பதில் சொல்ல வேண்டிவரும்.