மாடிக்குப் போன மழை டிரம்

ஏகாம்பரம் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார். மகளின் வளைகாப்பு விருந்துக்குத் தம் வீட்டுப் பந்தலில் காய்த்த புடலங்காயில்தான் கூட்டு என்று சம்பந்தியம்மாளிடம் மார்தட்டியிருந்தார். விருந்து வெள்ளிக்கிழமை. செவ்வாயன்றே கொடி வாடித் தொங்கிவிட்டது. வாசலில் டிரம் நிறைய மழைத்தண்ணீர் இருந்தும், அதில் மாட்டிய டியூபில் சொட்டுச் சொட்டாகத்தான் வந்தது. மானம் போகப்போகிறதே என்று அவருக்கு அழுகையே வந்துவிட்டது.

பிளம்பர் சவரிமுத்து போனில் வழி சொன்னார்: "டிரம்மை நல்ல உசரத்துல தூக்கி வைங்க அண்ணாச்சி, தண்ணி வேகமா வரும். அப்புறம் செடிக்கு விடுங்க."

அந்த வீட்டில் மொட்டைமாடியை விட உயரமான இடம் இல்லை. ஏகாம்பரமும் தம்பி நாவுக்கரசும் மைத்துனன் குப்புராஜும் சேர்ந்து தூக்கினார்கள். நிறைந்த டிரம் அசைவேனா என்றது. எனவே தண்ணீரை மொண்டு மொண்டு தெருவில் கொட்டினார்கள்.

"இதைச் செடிக்கே ஊத்திடலாமே அத்தான்?" என்றான் குப்புராஜ்.

"வேகம் வந்த அப்புறம்தான் விடச் சொல்லியிருக்கார். அவசரப்பட்டுக் காரியத்தைக் கெடுக்காதே."

குப்புராஜுக்கு வெட்கமாகப் போய்விட்டது.

காலி டிரம் மாடிக்குப் போனது. பிறகு தெருக்கோடி அடிபம்பிலிருந்து குடம் குடமாய்ச் சுமந்து, பந்தலைத் தாண்டி, இருபத்திரண்டு படி ஏறி அதை நிரப்பினார்கள். வியாழன் மதியமாகிவிட்டது. டியூபைக் கீழே விட்டால் அது பாதிச் சுவரோடு நின்றுவிட்டது. மூவரும் அண்ணாந்து பார்த்தார்கள்.

"புடலங்காய் நீளமா வளர என்னண்ணே பண்றோம்?" என்றான் நாவுக்கரசு.

"நுனியில கல்லைக் கட்டித் தொங்க விடுறோம்."

"டியூபும் பச்சையாத்தானே இருக்கு?"

ஏகாம்பரம் தம்பியைக் கட்டிக்கொண்டார். ஏணி வைத்து டியூபின் நுனியில் கல்லைக் கட்டினார்கள். எதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள்.

சாயங்காலம் வானம் கறுத்து மழை கொட்டியது. ஏகாம்பரம் பதறி எழுந்தார்.

"குடையை எடுங்கடா! டிரம்முக்குப் போகாம நேரா செடிமேல விழுதே!"

மூவரும் கொடியைச் சுற்றி நின்று குடை பிடித்தார்கள். தரையில் ஓடிவந்த தண்ணீரையும் குப்புராஜ் வரப்புக் கட்டித் திருப்பிவிட்டான். ஒன்றரை மணி நேரம் தெப்பலாய் நனைந்தார்கள்.

மழை விட்டதும் ஏகாம்பரம், பல் தந்தியடிக்க, பிளம்பருக்குப் போன் போட்டார்.

"சவரிமுத்து, செடியைச் சொட்டு நனையாமக் காப்பாத்திட்டோம். டிரம்மும் நிறைஞ்சு வழியுது. டியூப்தான் இன்னும் வளரக் காணோம். அதுக்கு என்ன உரம் போடணும்?"