கூடா, கடையா?

குளக்கரைப் பூவரசமரத்தில் செவந்தி என்ற தையல்சிட்டு இரண்டு இலைகளைச் சேர்த்துத் தைத்துக் கூடு கட்டியிருந்தது. உள்ளே மூன்று முட்டைகள். முட்டைகளை விட்டு அதிக நேரம் அகல முடியாது. சும்மா இருக்கவும் அதற்குத் தெரியாது. அதனால் அடைகாத்தபடியே அக்கம்பக்கத்தாருக்குத் தைத்துக் கொடுக்க ஆரம்பித்தது.

முதலில் தேன்சிட்டு வந்தது. காற்றில் கிழிந்த தன் கூட்டுக்கு ஒரு ஒட்டு வாங்கிப் போனது. அடுத்து அணில் வந்து இலவம்பஞ்சு மெத்தைக்கு உறை கேட்டது. தவளைகூட ஒருநாள் கீழே நின்று குடை கேட்டது. மழையில் ஆட்டம் போடும் தவளைக்குக் குடை எதற்கு என்று செவந்தி கேட்கவில்லை. வந்த வேலையை விடுவானேன் என்று தைத்துக் கொடுத்தது.

கூட்டுக்கு நேர் கீழ்க்கிளையில் முள்ளாண்டி என்ற ஓணான் குடியிருந்தது. பேசினாலும் பேசாவிட்டாலும் அதன் தலை ஆடிக்கொண்டே இருக்கும். யாராவது வழி கேட்டால், ஆமாம் என்கிறதா, போய்விடு என்கிறதா என்று புரியாமல் திரும்பிப் போவார்கள்.

ஒருநாள் காலையில் மரங்கொத்தி வந்து, பூவரசின் பட்டையில் ஒரு நோட்டீஸைக் கொத்தியது. காட்டில் சட்டத்தைப் பார்த்துக்கொள்வது அதன் வேலை.

"இது குடியிருப்பு மரம். இங்க கடை போடக் கூடாது. தொழில் பண்ணணும்னா அக்கரையில சந்தைமரம் இருக்கு. உன் மேல முள்ளாண்டி புகார் குடுத்திருக்கு. நாளைக்கு நம்ம நீதிபதி ஆமையார் வந்து விசாரிப்பாரு. தப்புன்னு ஆயிட்டா கூட்டுக்குச் சீல்தான்."

"சீலுன்னா?"

"வாசலைப் பிசின் வச்சு அடைச்சிருவேன்."

செவந்தி முட்டைகளை இன்னும் இறுக்கி அணைத்துக்கொண்டது. கூட்டை அடைத்துவிட்டால் முட்டைகளை யார் அடைகாப்பது? அன்று முழுவதும் அதற்கு ஒரு தையல்கூட ஓடவில்லை.

மறுநாள் ஆமையார் குளத்திலிருந்து கிளம்பி மரத்தடிக்கு வந்து சேர உச்சிவேளை ஆகிவிட்டது. மரங்கொத்தி மட்டும் முன்கூட்டியே அலகில் பிசின் உருண்டையோடு தயாராக இருந்தது.

"செவந்தி, நீ இறங்க வேணாம். முட்டை சில்லிட்டுரும். அங்கிருந்தே பேசு" என்றார் ஆமையார். "முள்ளாண்டி, உனக்கு என்ன குறை?"

முள்ளாண்டி தொண்டையை உப்பவைத்துக்கொண்டது. "ஐயா, வீடுங்கிறது குடியிருக்கத்தான். வீட்டுல தொழில் செய்யறது சட்டவிரோதம்."

"அடைகாக்கிறப்போ நாலு தையல் போட்டேங்க. நான் என்ன ஊரையா வளைச்சுப் போட்டேன்?" என்றது செவந்தி.

"நாலோ நாப்பதோ, தொழில் தொழில்தான்" என்றது முள்ளாண்டி.

ஆமையார் முள்ளாண்டி பக்கம் திரும்பினார். "சரி, வீடுன்னா எது? அதை நீயே சொல்லிடு, முள்ளாண்டி."

"ஒரு ஜீவன் எதுக்குள்ள தலையை இழுத்துக்கிட்டுப் படுக்குதோ, அதான் வீடு. அதுக்குள்ள இருந்துக்கிட்டு எந்தத் தொழிலும் பார்க்கக் கூடாது."

"யாருமே பார்க்கக் கூடாதா?"

"யாருமேதான். விலக்கே குடுக்கக் கூடாது."

"நல்லா யோசிச்சுத்தான் சொல்றியா?"

முள்ளாண்டியின் தலை மேலும் கீழும் ஆடியது.

ஆமையார் மெதுவாகத் தலையை உள்ளே இழுத்துக்கொண்டார். பிறகு ஒவ்வொரு காலாக இழுத்துக்கொண்டார். மரத்தடியில் வெறும் ஓடுதான் கிடந்தது. உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது.

"இது என் வீடு. தீர்ப்புச் சொல்றது என் தொழில். வீட்டை விட்டு வெளிய வர எனக்கு வழி இல்ல. இனிமே நான் வாயைத் திறந்தா குற்றம். மரங்கொத்தி, சட்டப்படி முதல் சீலை எனக்கு வச்சிரு."

மரங்கொத்தி பிசினோடு ஓட்டை ஒருமுறை சுற்றி வந்தது. எந்த வாசலை முதலில் அடைப்பது என்று அதற்கே தெரியவில்லை. முள்ளாண்டிக்கு முகம் சுண்டிப்போனது.

"அப்போ என் வழக்கு?"

முள்ளாண்டி கிளையிலிருந்து குனிந்து ஓட்டையே பார்த்தது.

செவந்திக்கு நேற்றிலிருந்து இருந்த கோபம் பாதி இறங்கிவிட்டது. அது கூட்டிலிருந்து தலையை நீட்டியது. "முள்ளாண்டி அண்ணே, சட்டத்தை விடுங்க. உங்களுக்கு என்னதான் வேணும்?"

முள்ளாண்டி அங்குமிங்கும் பார்த்துவிட்டுச் சின்னக் குரலில் சொன்னது. "வெயில்."

"வெயிலா?"

"உன்கிட்ட வர்றவங்க காலையிலேயே என் கிளையில வரிசையா உக்காந்துடறாங்க. வெயில் பூராவும் அவங்க முதுகுல விழுந்துடுது. உடம்பு சூடேறலைன்னா எனக்குக் கால் நகராது. மூணு நாளா ஒரு எறும்புகூடப் பிடிக்கல. வெறும் வெயில் கேட்டு வழக்குப் போட்டா சிரிப்பாங்கன்னுதான் சட்டத்தை இழுத்தேன்."

செவந்திக்கு வெட்கமாகிவிட்டது. கூட்டில் உட்கார்ந்தபடி அது தைத்துக்கொண்டே இருந்தது. வருகிறவர்கள் எங்கே உட்காருகிறார்கள் என்று ஒருநாளும் குனிந்து பார்த்ததில்லை.

"தப்பு என்னோடதுதாண்ணே. நாளையிலேர்ந்து எல்லாரையும் பக்கத்து நொச்சிப் புதர்ல உக்காரச் சொல்றேன். ஒவ்வொருத்தரா கூப்பிட்டுக்கிறேன்."

"அப்போ நானும் புகாரைத் திருப்பி வாங்கிக்கிறேன். நான் சொன்ன அந்தச் சட்டத்தையும்தான்."

ஓட்டிலிருந்து ஒரு தலை எட்டிப் பார்த்தது. "இது முதல்லயே தெரிஞ்சிருந்தா நான் இவ்வளவு தூரம் நடந்திருக்கவே வேணாமே" என்றார் ஆமையார். வந்த களைப்பில் அங்கேயே படுத்துத் தூங்கிப்போனார். மரங்கொத்தி பிசினை மரத்திலேயே துடைத்துவிட்டுப் பறந்தது.

பத்து நாளில் மூன்று குஞ்சுகளும் பொரிந்தன. காலை வெயிலில் கீழ்க்கிளையில் முள்ளாண்டி சொகுசாகக் கிடக்கும். கண் திறந்த குஞ்சுகள் கூட்டிலிருந்து எட்டிப் பார்த்து, "மாமா, வெயில் போதுமா?" என்று கேட்கும். முள்ளாண்டி தலையை ஆட்டும். இப்போது அது ஆமாம் என்றுதான் சொல்கிறது என்பது மரத்தில் எல்லாருக்கும் தெரியும்.

நமக்கு என்ன தொல்லையோ அதைத்தான் தீர்க்கச் சொல்லிக் கேட்க வேண்டுமே தவிர, அடுத்தவர் கூட்டை அடைக்கச் சொல்லிக் கேட்கக் கூடாது.