சடைச்சி திறக்காத குடுக்கை

முன்னொரு காலத்தில் குமிழிநாட்டை மாறவேள் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். ஆண்டான் என்பது மரியாதைக்குச் சொல்வது; சாப்பிட்ட நேரம் போக மீதி நேரம் தூங்கினான்.

அந்த நாட்டு மலைக்காட்டில் ஒரு விசித்திரமான திருட்டுக் கும்பல் இருந்தது. பொன்னையும் பொருளையும் தொடமாட்டார்கள்; ஓசையையும் ஞாபகத்தையும்தான் திருடுவார்கள். ஆள் அசந்த நேரத்தில் காய்ந்த சுரைக்குடுக்கையைக் காதோரம் வைத்தால் போதும், ஒரு ஞாபகம் உள்ளே விழுந்துவிடும். தக்கையால் அடைத்து எடுத்துப்போய்க் குகையில் அடுக்கி அழகு பார்ப்பார்கள். தக்கையைத் திறந்தாலோ, உள்ளே இருப்பது உடையவரின் குரலிலேயே ஊர் கேட்கப் பேசிவிட்டு அவரிடமே திரும்பிவிடும். கும்பலுக்குத் தலைவி சடைச்சி.

இந்தத் திருட்டால் பிழைத்தவர்கள் அரண்மனைக்காரர்கள்தான். பெருமழையில் உடைந்த ஏரிக்கரையைக் கட்டித் தருவதாக ராஜா வாக்குக் கொடுத்திருந்தான். குடியானவர்கள் வந்து கேட்டபோது, "அப்படியா சொன்னேன்? அந்த ஞாபகத்தைத் திருடிட்டாங்க போலிருக்கே" என்று கொட்டாவி விட்டான். அரசன் எவ்வழி, அதிகாரிகள் அவ்வழி. களஞ்சிய அதிகாரி வெள்ள நிவாரண நெல்லை வைத்த இடத்தை மறந்தார். படைத்தலைவர் போன போரில் எந்தப் பக்கம் ஓடினோம் என்பதையே மறந்தார். நியாயம் கேட்டு இழுக்கும் வாசல் மணிகூட ஒருநாள் ஊமையானது. "அதன் ஓசையையும் திருடிட்டாங்க" என்றார் சபையின் பெரிய மனிதர் அளகேசர்.

ஒருநாள் சந்தையில் சடைச்சி பிடிபட்டாள். அளகேசர் ஓலைக்கட்டைப் பிரித்து, யார் யார் எதை எதை மறந்தார்கள் என்று ஒன்றுவிடாமல் வாசித்தார். "ஆக நானூத்துப் பன்னிரண்டு ஞாபகம், ஒரு மணியோசை. இவளை நாளைக்கே யானைக் காலால் இடறணும், மகாராஜா!"

சடைச்சி மனசுக்குள் எண்ணிப் பார்த்தாள். அவள் கூட்டம் இந்த நாட்டில் திருடியது மொத்தமே பத்தொன்பது. ஏழை சொல்லே அம்பலம் ஏறாதபோது திருடி சொல் எங்கே ஏறும்? சட்டென்று தரையில் விழுந்து கும்பிட்டாள்.

"எல்லாம் நான்தான் சாமி, ஒண்ணுகூடக் குறையல. ஆனா அடுத்தவங்க பொருளோட செத்தா எங்க கூட்டத்துக்கு ஆகாது. நாளைக்குச் சபையில எல்லாக் குடுக்கையையும் வரிசையாத் திறந்து ஒப்படைச்சிடறேன். அப்புறம் யானையைக் கூப்பிடுங்க."

"அட, திருடிக்குள்ளயும் ஒரு நாணயம்!" என்று ராஜா மகிழ்ந்தான். அளகேசர் முகத்தில் ஈயாடவில்லை.

மறுநாள் காலை, சடைச்சி தன் கூட்டத்துக்குச் சொல்லியனுப்பியபடி, மலையிலிருந்து வண்டி வண்டியாகக் குடுக்கைகள் வந்து இறங்கின. சபை நிரம்பி வழிந்தது. ஏரிப்பாசனக் குடியானவர்களும் வந்திருந்தார்கள். சடைச்சி முதல் குடுக்கையின் தக்கையைப் பிடுங்கினாள். அரண்மனைச் சமையல்காரரின் குரல் கணீரென்று கிளம்பியது: "ராஜாவுக்கு நாக்கா இருக்கு? நெய்யில பாதி இலுப்பெண்ணெயை ஊத்து, சப்புக்கொட்டித் தின்பாரு!"

சபை சிரிக்க வாயைத் திறந்து, ராஜாவின் முகத்தைப் பார்த்து மூடிக்கொண்டது. சமையல்காரர் தூணுக்குப் பின்னால் ஒளிந்தார்.

"அடுத்தது களஞ்சிய ஐயாவோடது. அந்த முந்நூறு கலம் நெல்லு..." என்று சடைச்சி தக்கையில் விரல் வைத்தாள்.

"வேண்டாம்! எனக்கே ஞாபகம் வந்துடுச்சு!" என்று அலறினார் களஞ்சிய அதிகாரி. "நெல்லு என் மச்சினன் வீட்டுக் குதிர்ல பத்திரமா இருக்கு!"

அவ்வளவுதான், அம்மை போலப் பரவியது ஞாபகம். படைத்தலைவர் எழுந்து, "பின்பக்கமாத்தான் ஓடினோம், மகாராஜா" என்றார். ஒரு தக்கையைக்கூட அசைக்க வேண்டியிருக்கவில்லை.

சடைச்சி ஒரு பெரிய குடுக்கையைத் தூக்கினாள். "இது வாசல் மணியோசை. மணியோசை தனியா வராது சாமி. அப்ப மணிகிட்ட நின்னவங்க பேசினதும் சேர்ந்தே வரும்."

அளகேசர் துள்ளி எழுந்தார். "திறக்காதே! ஓசை மணியிலேயேதான் இருக்கு!"

"உமக்கு எப்படித் தெரியும்?" என்றான் ராஜா.

காவலன் ஏணி போட்டு ஏறிப் பார்த்தான். மணியின் நாக்கைச் சுற்றி அளகேசரின் சரிகை அங்கவஸ்திரம் இறுகக் கட்டியிருந்தது. அவிழ்த்ததும் மணி ஊரே கேட்க ஒலித்தது. "இவர் மேல புகார் சொல்லத்தான் சாமி அதை இழுத்தோம்" என்று குடியானவர்கள் குரல் கொடுத்தார்கள்.

"மகாராஜாவோட தூக்கம் கெடக்கூடாதுன்னுதான்..." என்று இழுத்தார் அளகேசர்.

"என் தூக்கமா? இழுத்தவங்க எல்லாரும் உம்ம மேல புகார் சொல்ல வந்தவங்க ஆச்சே! இனிமே அந்த மணிக்கு அடியிலேயே உட்காரும். யார் இழுத்தாலும் முதல்ல உம்ம காதுதான் அதிரணும்." ராஜா வயிறு குலுங்கச் சிரித்தான்.

சடைச்சி கடைசியாக ஒரு குடுக்கையை எடுத்து அவனிடம் நீட்டினாள். "இது உங்களோடது சாமி. ஏரிக்கரை. திறக்கட்டுமா?"

சிரிப்பு நின்றது. மாறவேள் குடியானவர்களைப் பார்த்தான். அவர்களும் அவனையே பார்த்தார்கள். வெட்கம் அவனைப் பிடுங்கித் தின்றது.

"வேண்டாம்," என்றான் மெல்ல. "ஞாபகம் இருக்கு. எப்பவுமே இருந்துச்சு."

அன்றே கரை கட்ட ஆணை பிறந்தது. சபை கலைந்தபின் ராஜா தன் குடுக்கையைக் குலுக்கிப் பார்த்தான். சலசலவென்றது. "உள்ளே என்ன?"

"சுரைவிதை சாமி. பத்தொன்பதுதான் திருட்டுக் குடுக்கை. அதுல மிச்சம் பதினெட்டையும் கொடுத்திடறேன். மத்ததெல்லாம் எங்க கொடியில காய்ச்சது."

ராஜா தன் முத்துமாலையைக் கழற்றி அவளுக்குப் போட்டு, யானையைக் கொட்டடிக்கு அனுப்பினான். குடுக்கையைச் சிம்மாசனத்துக்கு மேலே மாட்டினான்; உள்ளே விதைதான் என்று ஒருவருக்கும் சொல்லவில்லை. அதன்பிறகு குமிழிநாட்டுச் சபையில் யாராவது "மறந்துபோச்சு" என்று வாயெடுத்தால், ஒருமுறை அண்ணாந்து பார்த்துவிட்டு, "...போன மாதிரி இருந்துச்சு, இப்ப வந்துடுச்சு" என்றுதான் முடித்தார்கள்.