கமே கழற்றாத பலகை

"ஒரு சின்னப் பெண் எங்கள் பள்ளியின் ஒழுங்கையே நிறுத்திவிட்டாள், சுவாமி" என்றார் நகமா.

ஒகினாவா தீவில் ஒரு பள்ளிக்குத் தலைமையாசிரியர் அவர். மதிய இடைவேளையில் கோயிலுக்கு ஓடி வந்திருந்தார். குரு ஜிகேன் அவரைவிட வயதில் இளையவர். முள்ளங்கிப் பாத்திக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார்.

"அப்படி என்ன பண்ணிட்டா?"

குரு பேசியது தீவுப் பேச்சு. நகமா பேசியது டோக்கியோ மொழி. அவரும் இதே தீவில் பிறந்தவர்தான். டோக்கியோவுக்குப் படிக்கப் போன இடத்தில் அவர் வாயைத் திறந்தாலே சிரித்தார்கள். ஊர் திரும்பியதிலிருந்து வீட்டில்கூட அவர் தீவுப் பேச்சு பேசுவதில்லை. தன் மாணவர்களுக்கு அந்த அவமானம் வரக் கூடாது என்பது அவர் வைராக்கியம். அதில் பொய் கிடையாது.

விஷயம் இதுதான். ஜப்பான் அந்தத் தீவுகளைத் தன்னோடு சேர்த்துக்கொண்டு ஒரு தலைமுறை ஆகியிருந்தது. பள்ளியில் தீவுப் பேச்சு கூடாது. பேசி மாட்டிக்கொண்ட பிள்ளையின் கழுத்தில் ஒரு மரப்பலகை ஏறும். அதைக் கழற்ற ஒரே வழி, தீவுப் பேச்சு பேசுகிற இன்னொரு பிள்ளையைப் பிடித்து அதன் கழுத்தில் மாட்டிவிடுவது. சாயங்கால மணி அடிக்கும்போது பலகை யாரிடம் இருக்கிறதோ, அவர் கக்கூஸ் கழுவ வேண்டும்.

ஆசிரியர்கள் ஒன்றும் செய்ய வேண்டாம். பிள்ளைகளே ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். சும்மா சொல்லக் கூடாது, கெட்டிக்காரத்தனமான ஏற்பாடு.

கமே என்ற கரும்புத் தோட்டக்காரர் மகளிடம் பலகை வந்ததும் ஏற்பாடு படுத்துவிட்டது. அவள் யாரையும் பிடிப்பதில்லை. மணி அடித்ததும் வாளியைத் தூக்கிக்கொண்டு கழுவப் போய்விடுகிறாள். பலகை அவளைவிட்டு நகராது என்று தெரிந்ததும் மற்ற பிள்ளைகளுக்குப் பயம் விட்டுப்போனது. வகுப்பிலேயே தீவுப் பேச்சில் வெளுத்துவாங்கினார்கள்.

நாளைக் காலை கல்வி அதிகாரி வருகிறார். இந்தக் கூத்தைப் பார்த்தால் நகமாவின் வேலை போய்விடும். அதற்குமுன் கமேயைப் பள்ளியிலிருந்து நீக்கிவிடலாம் என்று நினைத்திருந்தார். மனசு கேட்கவில்லை. கணக்கில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை.

"அவள் பள்ளியில் இருக்க வேண்டுமென்றால், பலகையை வேறு யாருக்காவது கொடுத்தாக வேண்டும். எப்படிக் கொடுக்க வைப்பது, சுவாமி?"

"பலகை எங்க?"

குருவிடம் காட்டுவதற்காகக் கமேயிடமிருந்து வாங்கி வந்திருந்தார். குரு அதைத் தன் கழுத்தில் மாட்டிக்கொண்டு குனிந்து பார்த்தார்.

"நான் பேசுறது தீவுப் பேச்சு. அப்ப இது எனக்குத்தானே?"

"விதிப்படி ஆமாம், சுவாமி."

குரு வாளியைக் கீழே வைத்தார். பக்கத்தில் வந்து, மரச்செருப்புக் காலால் நகமாவின் பாதத்தை ஓங்கி மிதித்தார்.

"அகா" என்று அலறினார் நகமா.

டோக்கியோக்காரரின் காலை யாராவது மிதித்தால் அவர் 'இத்தாய்' என்பார். 'அகா' தீவில் பிறந்தவர் வாயில்தான் வரும். அது இருவருக்கும் தெரியும். குரு பலகையைக் கழற்றி நகமாவின் கழுத்தில் மாட்டிவிட்டு, மறுபடி பாத்திக்குப் போய்விட்டார்.

"சுவாமி, இது நியாயமில்லை."

"ஊர்ல ஆளா இல்ல? யாருக்காவது குடுத்துட்டுப் போங்க, வாத்தியாரே."

நகமாவுக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. சும்மா கழற்றி எறிந்துவிடலாம்தான். ஆனால் அந்த விதியைப் பள்ளிச் சுவரில் எழுதி ஒட்டியவரே அவர்.

நொண்டிக்கொண்டு கடைத்தெருவுக்கு வந்தார். ஆளுக்கா பஞ்சம்? மீன்காரி தீவுப் பேச்சில் வணக்கம் சொன்னாள். அவர் கை பலகையின் கயிறுவரை போனது. அவளும் அவரும் சின்ன வயதில் ஒன்றாக நண்டு பிடித்தவர்கள். கையை இறக்கிக்கொண்டார். படகுக்காரர் ஒருவர் காலுக்கு என்ன ஆச்சு என்று விசாரித்தார். மாட்டுவது பெரிய காரியமில்லை, நாளைக்கும் அந்த முகத்தைப் பார்க்க வேண்டுமே. நகமாவுக்கு வெட்கமாக இருந்தது. கடைத்தெருவில் ஒருத்தரைப் பிடிக்க அவரால் முடியவில்லை. எங்கெங்கோ சுற்றிவிட்டு, பலகையும் கழுத்துமாகப் பள்ளிக்குள் நுழையும்போது சாயங்கால மணி அடித்தது.

கக்கூஸ் வாசலில் கமே வாளியோடு நின்றிருந்தாள். அவர் கழுத்தைப் பார்த்தாள். வகுப்பில் சுத்தமான டோக்கியோ மொழியில் பதில் சொல்கிற பெண் அவள். இப்போது வேண்டுமென்றே தீவுப் பேச்சில் பேசினாள்.

"சார், நான் பேசிட்டேன். நீங்க புடிச்சுட்டீங்க. மாட்டிவிடுங்க."

தலை குனிந்து கழுத்தைக் காட்டினாள்.

நகமாவின் கை எழவில்லை.

கமே கொஞ்ச நேரம் குனிந்தபடியே இருந்தாள். பிறகு நிமிர்ந்தாள்.

"சார், நாளைக்கு அதிகாரி வர்றப்ப இது உங்க கழுத்துல இருந்தா?"

"வரட்டும்" என்றார் நகமா. "வாளிய இங்க குடு, புள்ள."