தடவினால் அழும் மேளம்

மிருகங்களின் பேச்சு மனிதர்களுக்கு விளங்கிய அந்தக் காலத்தில், பிரேசில் தேசத்துப் பாயியாவில், ஓர் ஆற்றங்கரையில் பெரிய கரும்புத் தோட்டம் ஒன்று இருந்தது. கரும்பை வெட்டவும் சாறு பிழியவும் பாகு காய்ச்சவும் கடலுக்கு அந்தப் பக்கம் ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வந்த ஜனங்கள் அங்கே லயங்களில் அடைந்து கிடந்தார்கள். துரை தங்கமானவர். அப்படி அவரேதான் சொல்லிக்கொள்வார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஆட்களை ஆட விடுகிறேனே, வேறு எந்தத் துரை விடுவான் என்று கேட்பார்.

ஆனால் மேளம் மட்டும் கூடாது. மேளம் ஒலித்தால் அடுத்த தோட்டத்து ஆட்களும் கலகத்துக்குக் கிளம்பிவிடுவார்கள் என்று அவருக்கு உள்ளூரப் பயம். இருந்த மேளங்களை எல்லாம் பாகு காய்ச்சும் கொப்பரை அடுப்பில் போட்டு எரித்துவிட்டார். ஜனங்கள் சும்மா இருப்பார்களா? கையைத் தட்டினார்கள். பீங்கான் தட்டில் கத்தியை உரசினார்கள். அதுவே தாளமாயிற்று. எல்லோரும் வட்டமாக நிற்க, நடுவில் ஒருவர் ஆடுவார். ஆடி முடித்ததும் வட்டத்தில் நிற்கும் யாரையாவது தொப்புளோடு தொப்புள் தொட்டு உள்ளே அழைத்துவிட்டு, அவர் நின்ற இடத்தில் தான் போய் நின்றுகொள்வார். சம்பா, சம்பா என்று இன்றைக்கு உலகமே கொண்டாடுகிறதே, அது இப்படித்தான் ஆடப்பட்டது.

அவர்களுக்கு ஒரு பாட்டும் இருந்தது. யாருக்காவது அடி விழுந்தாலோ, யாராவது காய்ச்சலில் சுருண்டு கிடந்தாலோ அதைப் பாடுவார்கள். ஒருத்தி குரலெடுத்து ஒவ்வொரு பேராகக் கேட்பாள்: "இன்னார் இருக்காரா?" பேருக்குரியவர் எங்கே இருந்தாலும், கரும்புக்குள் இருந்தாலும் கொப்பரைக்குப் பக்கத்தில் இருந்தாலும், "இருக்கேன், நான் இருக்கேன்" என்று பாடியாக வேண்டும். அவரால் முடியவில்லை என்றால் அவருடைய ரத்த சொந்தம் பாட வேண்டும். ஒரு பேருக்குப் பதில் வராமல் போனால் அந்த ஆளை மண்ணுக்குக் கொடுத்துவிட்டதாக அர்த்தம். தவழுகிற குழந்தைக்குக்கூட இது தெரியும்.

பாகு காய்ச்சுகிற கொட்டகையில் தொமிங்கா என்று ஒருத்தி வேலை செய்தாள். முதுகு நிமிராத வேலை. புருஷன் கரும்பாலைச் சக்கரத்தில் சிக்கிப் போய்விட்டான். மிச்சம் இருந்தது ஒரே மகள், தெல்ஃபினா. பால்பல் விழுந்து முளைத்துக்கொண்டிருந்த வயது. பொக்கை வாயோடு அவள் பாடினால் தொமிங்காவுக்குப் பசியே மறந்துபோகும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்துக்கு நடுவில் கங்காணி ஃபிர்மினோ வந்து, ஏதோ ஆட்டுக்குட்டியைப் பற்றிப் பேசுவதுபோலச் சொன்னான்: "உன் பிள்ளையைத் தெற்கே சுரங்கத்துத் துரை கேட்டிருக்கார். காலையில படகு வருது. குளிப்பாட்டி வை."

அவன் அந்தப் பக்கம் போனதும் தொமிங்கா வட்டத்தை விட்டு நழுவினாள். மகளை இழுத்துக்கொண்டு கரும்புக்கொல்லை ஓரத்துப் புதருக்குப் போனாள். அங்கே ஒரு குயீக்கா குடியிருந்தது. குயீக்கா என்பது எலிக்குப் பெரியது, பூனைக்குச் சிறியது. கண்ணுக்கு மேலே வெள்ளைப் பொட்டு, வயிற்றிலே பை, பைக்குள்ளே குட்டிகள். கொப்பரையில் வழித்த பாகைத் தொமிங்கா தினமும் அதற்கு இலையில் வைத்துவிட்டுப் போவாள். அந்தப் பழக்கத்தில் இரண்டு பேரும் அக்கா தங்கை போல ஆகியிருந்தார்கள்.

"தங்கச்சி, இவளை எங்கேயாவது ஒளிச்சு வை" என்று தொமிங்கா அழுதாள். "வேற யார்கிட்டப் போவேன்?"

குயீக்கா சொன்னது: "என் பைக்குள்ள வெச்சுக்கறேன் அக்கா. நீங்க ஆட்டத்துல தொப்புளைத் தொட்டு இடம் மாத்திக்குவீங்களே, அதேபோல அவ தொப்புளை என் பை வாயில வை. என் குட்டிகள்ல ஒண்ணாச் சுருங்கி உள்ள போயிடுவா. படகு போனதும் எடுத்து உன் தொப்புள்ல தொட்டுக்கோ, பழையபடி வந்துடுவா. அப்புறம் தப்பிப் போனவங்க மலைக்காட்டுல குடியிருக்காங்களே, அங்க சேர்த்துடு. ஆனா ஒண்ணு. உள்ள இருக்கிற வரைக்கும் என் காம்பை வாய்ல கவ்விக்கிட்டே இருக்கணும். என் குட்டிகள் எல்லாம் அப்படித்தான். வாயைத் திறந்தா உடம்பு கரைஞ்சு போயிடும். என்னால ஒண்ணும் பண்ண முடியாது."

தொமிங்கா மகளின் கன்னத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். "கேட்டியாடி? கங்காணி கூப்பிட்டாலும் வாயைத் திறக்காதே. நானே கூப்பிட்டாலும் திறக்காதே."

"சரிம்மா" என்றது குழந்தை. "நீ எங்க இருப்பே?"

"இங்கதான். வேற எங்க போகப் போறேன்."

விடிந்ததும் கங்காணி வந்து பார்த்தான். பிள்ளை இல்லை. தொமிங்காவை இழுத்துக்கொண்டு போய், ஆலை முற்றத்துத் தூணில் கட்டினான். எங்கே என்று கேட்டான். அவள் பேசவில்லை. சாட்டையை எடுத்தான். கடல்நீர் ஏறி இறங்குகிற ஆறு அது. நீர் வடியத் தொடங்கினால் படகு ஒருத்தருக்காகவும் காத்திருக்காது. தொமிங்கா அடியை எண்ணவில்லை, ஆற்றைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். கரைச் சேறு தெரிய ஆரம்பித்தது. படகுக்காரன் கயிற்றை அவிழ்க்கக் குனிந்தான். இன்னும் கொஞ்சம்தான் என்று அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள்.

கரும்புக்குள் வெட்டிக்கொண்டிருந்த இசிதோரா அவளுக்கு உயிர்த்தோழி. பிள்ளை எங்கே இருக்கிறது என்பது அவளுக்குத் தெரியாது. யாருக்குமே தெரியாது. சாட்டைச் சத்தம் கேட்கக் கேட்க அவளால் தாங்க முடியவில்லை. கையில் இருந்தது அந்தப் பாட்டு ஒன்றுதான். குரலெடுத்தாள். மனுவேல் இருக்கானா? இருக்கேன், நான் இருக்கேன். கஸ்மீரா இருக்காளா? இருக்கேன், நான் இருக்கேன். கொல்லை முழுக்கக் குரல்கள் எழுந்தன. கடைசியாக இசிதோரா தொண்டை கிழியக் கேட்டாள்:

"தொமிங்கா இருக்காளா?"

தூணில் கட்டிக் கிடந்த தொமிங்காவுக்கு அது கேட்டது. நான் பாடினால் என் குரல் கேட்டுப் பிள்ளையும் கூடவே பாடிவிடுவாள் என்று நினைத்தாள். உதட்டை இறுக்கி மூடிக்கொண்டாள். பெற்றவள் வேறு எப்படி நினைப்பாள்? பாவி, அவள் பாடியிருக்க வேண்டும். வலியில் முனகியாவது இருக்க வேண்டும். கொல்லை நிசப்தமாயிற்று. இசிதோரா இன்னொரு தடவை கேட்டாள். அழுகையோடு கேட்டாள். "தொமிங்கா இருக்காளா?"

பதில் இல்லை.

பைக்குள் இருட்டில் கிடந்த குழந்தை அந்த நிசப்தத்தைக் கேட்டது. கூப்பிட்டால் பேசாதே என்று அம்மா சொல்லியிருந்தாள். ஆனால் கூப்பிட்டது தன்னை அல்லவே. அம்மாவின் பேருக்குப் பதில் வரவில்லை, அம்மாவுக்கு ரத்த சொந்தம் என்று தன்னைத் தவிர வேறு நாதி இல்லை. இப்போது யாரும் பாடாவிட்டால் அம்மாவை மண்ணுக்குக் கொடுத்துவிடுவார்கள். தெல்ஃபினா காம்பை விட்டாள்.

"இருக்கா, எங்கம்மா இருக்கா."

புதருக்குள்ளிருந்து வந்த அந்தக் குரல் முற்றம் வரைக்கும் கேட்டது. கங்காணி திரும்பினான். வேட்டை நாயை அவிழ்த்து விட்டான். தொமிங்கா அப்போதுதான் வாயைத் திறந்து அலறினாள், அதனால் என்ன பிரயோஜனம்? நாய் கவ்விக்கொண்டு வந்து போட்ட குயீக்காவைக் கங்காணி காலால் புரட்டிப் பார்த்தான். பையில் கண் திறக்காத குட்டிகள்தான் இருந்தன. காறித் துப்பிவிட்டுப் போனான். படகும் பிள்ளை இல்லாமலே போய்விட்டது.

சாயங்காலம் கட்டு அவிழ்த்து விட்டார்கள். தொமிங்கா தவழ்ந்து போய்க் குயீக்காவை மடியில் எடுத்து, பை வாயைத் தன் தொப்புளோடு சேர்த்து அழுத்தினாள். ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி அழுத்தினாள். மறுபடியும் அழுத்தினாள்.

"விடுக்கா" என்றது குயீக்கா. அதற்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. "நான் இறுக்கித்தான் பிடிச்சிருந்தேன். அவதான் விட்டுட்டா. உடம்பு கரைஞ்சிடுச்சு. குரல் மட்டும் என் தோல்ல ஒட்டிக்கிட்டிருக்கு. தோலை மண்ணுல போட்டுடாதே." அதன் பிறகு அது பேசவில்லை. அந்த இனத்தில் எதுவுமே மனிதரோடு பேசவில்லை.

தொமிங்கா அந்தத் தோலை எடுத்து, அடி கழன்ற சிறிய பாகுப் பீப்பாய் ஒன்றின் வாயில் இழுத்துக் கட்டினாள். தட்டிப் பார்க்கக் கையை ஓங்கினாள். ஓங்கின கை அப்படியே நின்றது. பெற்ற பிள்ளையை அடிப்பதா? பைக்குள் கையை விடுவதுபோலப் பீப்பாய்க்கு அடியில் கையை விட்டாள். தோலின் நடுவில் உட்பக்கமாக ஒரு மெல்லிய நாணல் குச்சியைக் கட்டி, ஈரத்துணியால் மெதுவாகத் தடவினாள், காய்ச்சலுக்குத் துடைத்துவிடுவதுபோல. தோல் விம்மியது. விம்மி, அந்தப் பொக்கை வாய்க் குரல் வந்தது.

"இருக்கா, எங்கம்மா இருக்கா."

"நான் இருக்கேன்டி கண்ணு. நீ எங்கடி இருக்கே?"

"இருக்கா, எங்கம்மா இருக்கா."

குரலுக்கு அந்த ஒரு வரிதான் தெரியும். அவள் கேட்ட எதற்கும் அது பதில் சொல்லவில்லை, அவளை அம்மா என்று ஒரு தடவை கூப்பிடவும் இல்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவள் அதை வட்டத்துக்குக் கொண்டுவந்து தடவினாள். கங்காணி எட்டிப் பார்த்தான். அடித்தால்தானே மேளம், இது ஏதோ குட்டி போட்ட மிருகம் முனகுகிற மாதிரி வேடிக்கையாக இருக்கிறது என்று சிரித்தான். சற்று நேரத்தில் காலால் தாளமும் போட்டான்.

தொமிங்கா ரொம்ப காலம் இருக்கவில்லை. அவளைப் புதைத்த பிறகும், பாட்டில் அவள் பேர் வரும்போது அந்தத் தோலைத் தடவுவார்கள். தொமிங்கா இருக்காளா என்று கேட்டால், இருக்கா, எங்கம்மா இருக்கா என்று அது சொல்லும். உன் அம்மா போய்விட்டாள் என்று அந்தக் குழந்தையிடம் சொல்ல ஒருத்தருக்கும் மனம் வரவில்லை.

அந்த நாளிலிருந்துதான், சம்பாவில் எத்தனை மேளம் அதிர்ந்தாலும் குயீக்கா என்கிற அந்த மேளத்தை மட்டும் யாரும் அடிப்பதில்லை. உள்ளே கையை விட்டு ஈரத்துணியால் தடவுகிறார்கள், அது அழுகிறது, அது காதில் விழாதபடி மற்றவர்கள் இன்னும் வேகமாக ஆடுகிறார்கள்.