காலச்சுழியில் இறங்கிய கல்யாணக் குழம்பு

ஏழு கடலையும் தாண்டிப் போனால் நத்தைத்தீவு என்று ஒன்று வரும். அதற்கு எதிரே நடுக்கடலில் காலச்சுழி இருக்கிறது. தண்ணீர் இடப்பக்கமாகச் சுற்றிச் சுற்றி உள்ளே இறங்கும். அதில் முங்கினது எல்லாம் முன்னே இருந்த மாதிரியே ஆகிவிடும். தீவின் நாவிதர் ஒருமுறை துருப்பிடித்த கத்தியை முக்கப் போய்த் தவறி விழுந்தார். கரையேறினபோது வாயில் பால்பல் இருந்தது. சுழியில் முங்காமல் மேலே மிதந்தவர்களோ, காலையிலே கிளம்பி முந்தின நாள் சாயங்காலம் வீடு வந்து சேர்வார்கள். அங்கே இதெல்லாம் சகஜம்.

அந்தத் தீவில் பவளாயி என்றொருத்தி இருந்தாள். கவலைப்படுவதில் அவளை மிஞ்ச ஆளில்லை. மழை பெய்தால் கூரை ஒழுகுமோ என்பாள். பெய்யாவிட்டால், ஒழுகுகிறதா இல்லையா என்று எப்படித் தெரிந்துகொள்வது என்பாள். அவள் மகள் சங்குமணிக்கு அன்றைக்குக் கல்யாணம். பவளாயி விடிந்ததிலிருந்து அடுப்புக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டிருந்தாள்.

காரணம் இல்லாமல் இல்லை. பெண்ணைப் பெற்றவள் மீன்குழம்பு வைக்க வேண்டும். மாப்பிள்ளையின் அம்மா பானையில் கரண்டியை விட்டு நக்கிப் பார்த்து, "கருகலை" என்று சொல்ல வேண்டும். அதற்கப்புறம்தான் தாலி. கருகியிருந்தால் மாப்பிள்ளை வீட்டார் படகைத் திருப்பிக்கொண்டு போய்விடுவார்கள். இது நத்தைத்தீவு வழக்கம்.

குழம்புக்குக் காவல் தாய்மாமன்மார். பவளாயியின் தம்பிகள் பொன்னையன், சிங்காரம், வேலாண்டி மூவரையும் அடுப்படியில் நிறுத்தி, "பானை மேலேயிருந்து கண்ணை எடுக்காதீங்கடா" என்றாள். அவர்களும் எடுக்கவில்லை. தீ கொழுந்துவிட்டு எரிந்தது. அதை யாரும் பார்க்கவில்லை. அக்கா பானையைத்தானே பார்க்கச் சொன்னாள்?

அப்போது கடற்கரைப் பக்கமிருந்து ஒரு பொம்பளையும் மூன்று ஆம்பளைகளும் சொட்டச் சொட்ட நனைந்தபடி வந்தார்கள். கையில் ஒரு காலிப் பானை.

"ஐயோ, குழம்பு கருகப்போகுது!" என்றாள் வந்தவள்.

"நீங்க யாருய்யா?" என்றான் பொன்னையன், பானையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"பொண்ணுக்குத் தாய்மாமன்" என்றான் வந்தவர்களில் மூத்தவன்.

"எந்தப் பொண்ணுக்கு?"

"சங்குமணிக்கு."

சிங்காரத்துக்குச் சுருக்கென்றது. "அண்ணே, முறைக்குப் பங்கு கேட்டு ஆள் வந்திருக்கான்!"

அவ்வளவுதான். யாருக்கு உரிமை என்று ஆறு பேரும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்றார்கள். எதிரே நிற்பவர்களின் முகத்தை எங்கேயோ பார்த்த மாதிரி வேலாண்டிக்குத் தோன்றியது. தண்ணீரில் குனியும்போது தெரிகிற முகம். ஆனால் அது நெளியும், இது நெளியவில்லை. அதனால் விட்டுவிட்டான்.

பவளாயி சமாதானம் செய்யத்தான் போனாள். அதற்குள் வந்தவள் அவள் கையைப் பிடித்து, "குழம்பு எல்லாருக்கும் பத்துமாம்மா?" என்று கேட்டுவிட்டாள்.

பவளாயிக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இத்தனை வருஷத்தில் அவளுக்கு முன்னால் வேறொருத்தி கவலைப்பட்டது அதுதான் முதல் தடவை. "அதை ஏன் கேக்குறே தாயி. எனக்கும் அதே கவலைதான்" என்று பக்கத்தில் உட்கார்ந்தாள். இரண்டு பேரும் ஒழுகும் கூரையிலே ஆரம்பித்து உப்பிலே வந்து நின்றபோது, பானையிலிருந்து கரும்புகை கிளம்பியது.

"சொன்னேன்ல?" என்றாள் வந்தவள் வருத்தத்தோடு.

"போச்சே! என் பொண்ணு கல்யாணம் போச்சே!"

"அழாதே. காலச்சுழிக்குக் கொண்டு போ. பானையைக் கயித்துலே கட்டி இறக்கு. நாங்க அங்கேயிருந்துதான் வர்றோம்."

"குழம்பு சரியாகுமா?"

"ரொம்பச் சரியாச்சு" என்றான் அவர்களில் மூத்தவன். "ஒண்ணே ஒண்ணு. கயித்தை மட்டும் விட்டுடாதீங்க. நாங்க விடவே இல்லை."

நல்ல மனுஷர்கள் என்று கும்பிட்டுவிட்டு, பவளாயியும் தம்பிகளும் கருகின பானையோடு படகில் ஏறினார்கள். சுழிக்குக் கிட்டே போனதும் பானையைக் கயிற்றில் கட்டி இறக்கினார்கள். நான்கு பேரும் இரண்டு கையாலும் கயிற்றைப் பிடித்துக்கொண்டார்கள்.

"அண்ணே, துடுப்பு?"

"துடுப்பைப் பத்தி அவங்க ஒண்ணும் சொல்லலையேடா."

படகு சுழன்றது. வானம் சுழன்றது. சூரியன் கிடுகிடுவென்று கிழக்கே இறங்கியது. பானைக்குள்ளே கரி குழம்பாயிற்று. குழம்பு தெளிந்தது. பவளாயி எட்டிப் பார்த்து, "ஆகா, நிறம் வந்துருச்சு! தூக்குங்கடா!" என்றாள்.

"தூக்கணும்னா கயித்தை மாத்திப் பிடிக்கணும். மாத்திப் பிடிச்சா ஒரு கையை விடணும்" என்றான் பொன்னையன்.

"விடக்கூடாது" என்றான் சிங்காரம்.

"விடவே கூடாது" என்றான் வேலாண்டி.

இதை அவர்கள் பேசி முடிப்பதற்குள் மசாலா கரைந்து போயிற்று. வெட்டின துண்டுகள் ஒட்டிக்கொண்டன. தலை வந்தது, வால் வந்தது, செதில் முளைத்தது. மீன்கள் பவளாயியை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கடலில் குதித்துப் போயின.

"எவ்வளவு புதுசு பாத்தியாக்கா!" என்று பூரித்தான் வேலாண்டி.

சுழி அவர்களைத் துப்பி, கரையில் கொண்டுவந்து போட்டது. நனைந்த துணியோடு, காலிப் பானையோடு வீட்டுப் பக்கம் நடந்தார்கள். அங்கே அடுப்பில் ஒரு பானை தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தது. மூன்று பேர் கண் கொட்டாமல் பானையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கீழே தீ கொழுந்துவிட்டு எரிந்தது.

"ஐயோ, குழம்பு கருகப்போகுது!" என்று கத்தினாள் பவளாயி.

அந்த மூன்று பேரும் மரியாதை தெரியாதவர்கள். முகத்தைக்கூடத் திருப்பாமல், "நீங்க யாருய்யா?" என்றான் மூத்தவன். பொன்னையன் சொன்னான். அவர்கள் தகராறுக்கு வந்தார்கள். வீட்டுக்காரியோ தங்கமானவள். அவளிடம் மனசுவிட்டுப் பேசியதில் பவளாயிக்குப் பாதிப் பாரம் இறங்கியது. புகை கிளம்பினதும் அவள் அழுத அழுகையைப் பார்க்கச் சகிக்கவில்லை.

"நமக்கு யாரோ வழி சொன்னாங்கல்ல, நாமளும் சொல்லணும்டா" என்றான் பொன்னையன். சொன்னார்கள். கயிற்றை விடக்கூடாது என்பதையும் மறக்காமல் சொன்னார்கள். அந்த நான்கு பேரும் கும்பிட்டுவிட்டுக் கருகின பானையோடு படகேறிப் போனார்கள்.

"பாவம், அந்தப் பொம்பளைக்கும் வீட்டிலே கல்யாணமாம்" என்றாள் பவளாயி.

அவள் மூக்கைச் சிந்தி முடிக்கவும், மேளச்சத்தத்தோடு மாப்பிள்ளை வீட்டார் வரவும் சரியாக இருந்தது. மாப்பிள்ளையின் அம்மா மரகதம் நேரே காலிப் பானையின் முன்னால் வந்து நின்றாள். கரண்டியை விட்டாள். துழாவினாள். எடுத்து நக்கினாள். கண்ணை மூடி யோசித்தாள். மணவறையிலிருந்து சங்குமணி எட்டிப் பார்த்தாள்.

"உப்பு இல்லை" என்றாள் மரகதம். "உறைப்பும் இல்லை."

மேளம் நின்றது.

"ஆனா சம்பந்தி, கொஞ்சம்கூடக் கருகலை!"

தாலி ஏறியது. எல்லாரும் இலையின் முன்னால் உட்கார்ந்தார்கள். தம்பிகள் மூவரும் வரிசையாகப் போய் அந்தப் பானையிலிருந்து மொண்டு மொண்டு பரிமாறினார்கள். மாப்பிள்ளையின் அப்பா சோற்றைப் பிசைந்து, ஆள்காட்டி விரலை நக்கிவிட்டு, "இன்னும் ஒரு கரண்டி ஊத்துங்க" என்றார்.

பவளாயி பானைக்குள் எட்டிப் பார்த்தாள். அடி தெரிந்தது.

"கொஞ்சமா ஊத்துங்கடா" என்றாள் தம்பிகளிடம், கையைப் பிசைந்துகொண்டு. "கடைசிப் பந்திக்கு மிஞ்சணுமே!"